இறங்கிய பிறகும் சேலைதான்: திருவிழாக் கமிட்டியாருக்கு ஒரு திறந்த மடல்

ஊர்த் திருவிழாக் கமிட்டித் தலைவர்கள், பொருளாளர்கள், செட்டு (ஆட்டக் குழு) பிடித்துக் கொடுக்கும் ஏஜெண்டுகள் அனைவருக்கும்,

இந்தப் பங்குனிக்குத் தேதி பேசித் தாம்பூலம் வாங்கத் தொடங்கியதிலிருந்து ஒப்பந்தத் தாளில் புதிதாக இரண்டு வரி ஏறியிருக்கிறது. கரகாட்டத்துக்கும் ஆடல் பாடலுக்கும் 'ஒரிஜினல் லேடீஸ்' மட்டும்தான் வரவேண்டும் என்பது ஒன்று. செட்டில் திருநங்கைக் கலைஞர் இருந்தால், ஆட்டம் முடிந்ததும் ஆண் உடைக்கு மாறிவிட்டுத்தான் ஊருக்குள் நடமாட வேண்டும் என்பது இன்னொன்று. எல்லா ஊரிலும் இப்படி இல்லை. ஆனால் ஒரு கமிட்டி அடித்த தாளையே பக்கத்து ஊர்க் கமிட்டி ஜெராக்ஸ் எடுத்து, ஊர்ப் பெயரை மட்டும் மாற்றுவது வழக்கம். அதனால் இப்போதே சொல்லிவிடுகிறோம். இந்த இரண்டு வரியும் இருக்கிற தாளில் நாங்கள் கையெழுத்துப் போட மாட்டோம்.

நாங்கள் வேஷம் கட்டிவிடுகிறவர்கள், உடை தைக்கிறவர்கள், கரகாட்டச் செட்டும் கூத்து ஜமாவும் நடத்துகிறவர்கள். வடக்கே கூத்து, தெற்கே கரகாட்டம், நாடகம் என்று வேலை. நீங்கள் பார்ப்பது மேடையை. நாங்கள் இருப்பது அதன் பின்னால் உள்ள கொட்டகையில். எங்கள் புகார் அங்கிருந்துதான் தொடங்குகிறது.

முதலில் உங்கள் தாளில் உள்ள குழப்பம். வேஷத்தையும் ஆளையும் போட்டுக் குழப்பியிருக்கிறீர்கள். கூத்தில் பாஞ்சாலி கட்டும் ஆண் கலைஞருக்கு ஸ்திரீ வேஷம் தொழில். முகம் கழுவியதும் கைலி, பீடி, டீ. இறங்கிய பிறகும் அவரைப் பாஞ்சாலி என்று சீண்டினால் கோபம் வரும், நியாயமான கோபம். திருநங்கைக் கலைஞர் சேலையிலேயே வேனை விட்டு இறங்குகிறார், மேடைக்கு வேறு சேலை கட்டுகிறார், இறங்கியதும் தன் சேலையைக் கட்டிக்கொள்கிறார். வள்ளியும் மோகினியும் பவளக்கொடியும் அவர் கட்டும் வேஷங்கள். பெண்ணாக இருப்பது அந்தக் கணக்கில் வராது. அவரைப் பேண்ட் சட்டைக்கு மாறச் சொன்னால், கட்டிய வேஷத்தைக் கலைத்த கையோடு பிடிக்காத வேஷம் ஒன்றைக் கட்டிக்கொண்டு பஸ் ஏறச் சொல்கிறீர்கள்.

இந்த இரண்டு பேர் மட்டும்தான் என்றும் நினைக்க வேண்டாம். நாயக வேஷமான ராஜபார்ட் கட்டும் பெண்கள் இருக்கிறார்கள். தப்பு மேளம் அடிக்கும், ஆடும் திருநம்பிகள், அதாவது பிறப்பில் பெண் என்று சொல்லப்பட்டு ஆணாக வாழ்கிறவர்கள், இருக்கிறார்கள். வீட்டில் சொல்ல முடியாமல், வருஷத்தில் நாலு மாதம் மேடையில் மட்டும் தனக்குப் பிடித்தபடி இருந்துவிட்டுப் போகிறவர்களும் இருக்கிறார்கள். இவர்களில் யார் எந்த வகை என்று விசாரிப்பது கமிட்டி வேலை இல்லை. எங்கள் வேலையும் இல்லை. ஜாக்கெட் அளவு எடுக்கும்போது மார்புச் சுற்றளவைக் கேட்போம், காரணத்தைக் கேட்க மாட்டோம்.

மேடையில் திருநங்கையைப் பார்த்துக் கூட்டம் கேலி செய்கிறது, அதனால்தான் 'ஒரிஜினல்' கேட்கிறோம் என்கிறீர்கள். அந்தக் கேலிக்குப் பல நேரம் காரணம் நீங்கள் கொடுக்கும் இருபது நிமிடம்தான். தாடை நிழலை மறைக்கும் வேலையைக் கொஞ்சம் கேளுங்கள். ஒட்டச் சிரைத்த பிறகு தோல் ஆற அரை மணி நேரம் விட வேண்டும். இல்லாவிட்டால் பூச்சு பட்டு எரிந்து, கன்னம் திட்டுத் திட்டாகச் சிவக்கும். மயிர்க்கால் நிழல் சாம்பலும் நீலமுமாகத் தெரியும். அதன் மேல் நேராக வெளுப்பான பூச்சை இழுத்தால் சாம்பல் இன்னும் எடுப்பாகும். முதலில் செம்மஞ்சள் பூச்சை, அது இல்லாவிட்டால் சிவப்பு லிப்ஸ்டிக்கை, விரல் நுனியில் தொட்டுத் தாடையிலும் மேலுதட்டிலும் மட்டும் தட்டிப் பரப்ப வேண்டும். பவுடர் போட்டு அமர்த்த வேண்டும். அதற்கு மேல்தான் முகப்பூச்சு, அதையும் தேய்க்காமல் ஸ்பாஞ்சால் ஒற்றி ஒற்றி. தேய்த்தால் சிவப்பு மேலே ஏறி முகமே ஆரஞ்சாகிவிடும். ஒருவருக்கு முக்கால் மணி நேரம் பிடிக்கும். இருபது நிமிடத்தில் முடித்து அனுப்பினால் முதல் பாட்டு தாங்கும், மூன்றாவது பாட்டில் ஹாலஜன் சூட்டில் வேர்த்து, தாடையோரம் கோடு விழும். கூட்டம் பார்ப்பது அந்தக் கோட்டைத்தான்.

லேசர் வைத்துக்கொள்ளலாமே என்று சில ஏஜெண்டுகள் அறிவுரை சொல்கிறார்கள். ஆறு முதல் எட்டு முறை, நாலு முதல் ஆறு வார இடைவெளியில் போக வேண்டும். நரைமுடிக்கு அது பலிக்காது. வெயிலில் கருத்த தோலில் அடித்தால் புண்ணாகும். பங்குனியிலும் சித்திரையிலும் பட்டப்பகலில் முளைப்பாரிக்கு முன்னால் மூன்று மணி நேரம் ஆடுகிறவர் எப்படிப் போவார்? சீசனுக்காக நிறுத்துகிறார்கள், பழைய இடத்தில் முடி திரும்ப வருகிறது. வசதியுள்ளவர்கள் விடாமல் செய்து முடிக்கிறார்கள், அவ்வளவுதான்.

குரலைப் பற்றியும் புகார் வருகிறது. பெண் ஹார்மோன் எடுத்தால் குரல் மெலியும் என்று நினைக்கிறீர்கள். மெலியாது. ஒருமுறை உடைந்த குரலை மருந்து திரும்ப ஏற்றாது, பயிற்சியால்தான் பேச்சின் தொனியை மாற்றிக்கொள்ள முடியும். பாடுவது வேறு கணக்கு. ஐந்து கட்டைச் சுருதியில்தான் வள்ளி பாட வேண்டும் என்று ஆர்மோனியக்காரரை நெருக்காதீர்கள், இரண்டு கட்டைக்கு இறக்கினால் அதே பாட்டு நன்றாகவே நிற்கும். திருநம்பிகளுக்கு நேர்மாறு. டெஸ்டோஸ்டிரோன் குரலை இறக்கும். முதல் சில மாதங்கள் பாட்டின் நடுவே உடையும், எங்கே உடையும் என்று பாடுகிறவருக்கே தெரியாது. அந்தச் சமயத்தில் அவருக்கு வசனமும் அடவும் கொடுங்கள், விருத்தம் வேண்டாம்.

இனி கொட்டகைக்கு வருவோம். இதைத்தான் முக்கியமாகச் சொல்ல வந்தோம். மேடைக்குப் பின்னால் நாலு கம்பு நட்டு, பந்தல்காரர் மிச்சம் வைத்த மெல்லிய துணியைச் சுற்றி, நடுவில் ஒரு குண்டு பல்பைத் தொங்கவிட்டு, அதற்கு மேக்கப் ரூம் என்று பெயர் வைக்கிறீர்கள். உள்ளே வெளிச்சம், வெளியே இருட்டு. ஆள் பல்புக்கும் துணிக்கும் நடுவில் நின்று ஜாக்கெட் மாற்றினால் அவர் நிழல் முழு உயரத்துக்குத் துணியில் விழும். வெளியே நிற்கும் இளவட்டங்களுக்கு அது தனிக் காட்சி. பெண் கலைஞர்களுக்கும் இதே கதிதான், ஆனால் திருநங்கை உள்ளே இருக்கிறார் என்று தெரிந்துவிட்டால் கூட்டம் இரட்டிப்பாகும், செல்போன் தூக்கப்படும். இதைத் தடுக்கப் பெரிய செலவே இல்லை. துணிக்குப் பதில் தார்ப்பாய், ஏழடி உயரம், அடியில் இடைவெளி இல்லாமல் தரையோடு மண் போட்டு அமுக்க வேண்டும். விளக்கை நடுவில் தொங்கவிடாமல், தெருப் பக்கத் தார்ப்பாயை ஒட்டி, ஒளி உள்பக்கம் பார்க்கும்படி கட்ட வேண்டும். அப்போது நிழல் தெருவுக்கு எதிர்ப் பக்கம் விழும். கண்ணாடிக்கு இரண்டு பக்கமும் வெள்ளை டியூப் லைட் வேண்டும். மேலிருந்து மட்டும் வெளிச்சம் விழுந்தால் தாடைக்குக் கீழே இல்லாத நிழல் தெரியும், அதை மறைக்க இரண்டு பங்கு பூச்சு போகும்.

அடுத்தது கழிவறை. ஊர்ப் பள்ளிக்கூடத்தில் தங்க வைக்கிறீர்கள், கழிவறைச் சாவி தலைமையாசிரியரிடம். திறந்துவிட்டாலும் பெண்கள் பக்கம் போனால் சத்தம், ஆண்கள் பக்கம் போனால் அதைவிட மோசம். கூத்து இரவு பத்து மணிக்கு ஆரம்பித்து விடியும்வரை. ஆகவே கலைஞர் என்ன செய்கிறார்? மாலை ஐந்து மணிக்கே தண்ணீர் குடிப்பதை நிறுத்துகிறார். இரண்டு தவில், இரண்டு நாகஸ்வரம், பம்பை, தமுக்கு என்று நையாண்டி மேளம் விரட்டும் வேகத்தில், அரிசியோ மணலோ நிரப்பிய செம்பைத் தலையில் வைத்து, வறண்ட நாக்கோடு ஆடுகிறார். கீழே இறுக்கிய கச்சை, மேலே பத்துப் பின் குத்திய கொசுவம். அவிழ்த்து மறுபடி கட்ட இருபது நிமிடம் ஆகும் என்பதால் அடக்கிக்கொள்கிறார். சீசன் முடிவில் சிறுநீர்த் தொற்றோடு ஆஸ்பத்திரிக்குப் போவது இதனால்தான். ஆண் ஹார்மோனைத் தடுக்க ஸ்பைரோனோலாக்டோன் எடுப்பவர்கள் பாடு இன்னும் கஷ்டம். அந்த மாத்திரையே சிறுநீரைக் கூட்டி உடம்பில் நீரைக் குறைக்கும். தண்ணீரையும் நிறுத்தினால் மேடையில் தலைசுற்றி விழுவார்கள். விழுந்தவரைக் 'குடித்துவிட்டு வந்திருக்கிறது' என்று மைக்கில் சொன்ன ஊரும் உண்டு. 'வந்திருக்கிறது' என்று அஃறிணையில் சொன்னதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

மார்பைத் தட்டையாக்கப் பைண்டர் என்ற இறுக்கமான உள்ளாடை போடும் திருநம்பிக் கலைஞருக்கு எட்டு மணி நேரத்துக்கு மேல் அது உடம்பில் இருக்கக் கூடாது. குதித்து ஆடும்போது முழு இறுக்கத்தில் போடவே கூடாது. தனியாகக் கழற்ற இடம் இல்லாவிட்டால் மாலை நாலு மணிக்குப் போட்டவர் மறுநாள் காலை ஆறு மணிக்குத்தான் கழற்றுவார். விலா எலும்பு வலியும் மூச்சுத் திணறலும் அப்படித்தான் வருகின்றன. பைண்டர் இல்லையென்று சுளுக்குக் கட்டும் பேண்டேஜைச் சுற்றுகிறவர்களும் உண்டு. மூச்சை இழுக்க இழுக்க அது இறுகும். எங்கள் கொட்டகையில் அதைத் தடுத்துவிட்டோம். ஒரு சைஸ் பெரிய பைண்டர், அதற்கு மேல் தளர்வான முண்டா பனியன், நடுவில் கழற்றி மூச்சு வாங்கப் பத்து நிமிடம். அந்தப் பத்து நிமிடத்துக்குத் தாழ்ப்பாள் போட்ட ஒரு அறை வேண்டும், அதை நாங்கள் வேனில் கொண்டுவர முடியாது.

பிறகு ஜெனரேட்டர். மங்களம் பாடிய பத்தாவது நிமிடம் நிறுத்திவிடுகிறீர்கள், டீசல் மிச்சம். ஜிங்க் பவுடரைத் தேங்காயெண்ணெயில் குழைத்துப் போட்ட பூச்சு தண்ணீரில் போகாது. எண்ணெய் தடவி, ஊறவிட்டு, பஞ்சால் வழித்து, மறுபடி எண்ணெய், பிறகு சோப்பு. அரை மணி முதல் முக்கால் மணி நேரம். (அரிதாரம் என்ற பெயருக்குரிய மஞ்சள் கல்லில் இருப்பது ஆர்சனிக். அதைப் பூசிய தலைமுறை போய்விட்டது, பெயர் மட்டும் நிற்கிறது.) இருட்டில் துடைத்தால் கண்ணுக்குள் போகும், பாதி முகம் வெள்ளையாகவே நிற்கும். அந்த முகத்தோடு ஆண் கலைஞர் பஸ்ஸில் ஏறினால் கூத்தாடி என்று சிரிப்பார்கள். திருநங்கை ஏறினால் சிரிப்போடு நிற்பதில்லை. ஒருவருக்கு 50 மில்லி எண்ணெய், பஞ்சு எல்லாம் நாங்களே கொண்டுவருகிறோம். ஆளுக்கு ஒரு வாளித் தண்ணீரும் ஒரு மணி நேர வெளிச்சமும்தான் உங்களிடம் கேட்பது.

நோட்டீஸில் அந்த '(எ)' எதற்கு? கலைஞரின் பெயரைப் போட்டு, அதற்குப் பின்னால் 'என்கிற' என்பதற்கு '(எ)' என்று அடித்து, அவர் விட்டுவந்த ஆண் பெயரையும் சேர்க்கிறீர்கள். ஆதார் நகலில் பார்த்த பெயர். நோட்டீஸ் சுவரில் ஒட்டப்பட்டு, வாட்ஸ்அப்பில் சுற்றி, அவர் வாடகைக்கு இருக்கும் தெருவுக்கே போய்ச் சேர்கிறது. போலீஸ் அனுமதிக்குக் கொடுக்கும் பட்டியலில் சான்றிதழில் உள்ள பெயர் இருக்கட்டும், அது ஸ்டேஷனுக்கு மட்டும் போகட்டும். அதன் நகலை மேடைத் தூணில் ஒட்ட வேண்டாம். சம்பளத்தைச் செக்காகக் கொடுப்பதானால் வங்கிக் கணக்கில் எந்தப் பெயர் என்று பொருளாளர் தனியாகக் கேட்டு எழுத வேண்டும். மேடைப் பெயருக்குச் செக் எழுதி அது திரும்பி வந்தால், பெயர் பொருந்தவில்லை என்று விளக்கம் சொல்ல அவரே வங்கிக்கு நடக்க வேண்டியிருக்கிறது.

கேலியில் எங்கள் பங்கையும் ஒப்புக்கொள்கிறோம். ஆணா பெண்ணா கண்டுபிடி என்று பபூன் கேட்பதும், திருநங்கைக் கலைஞர் தன்னைத் தானே மட்டம் தட்டிக்கொண்டு பதில் சொல்வதும் எங்கள் செட்டுகளில் பல வருஷம் ஓடிய சமாச்சாரம். கூட்டம் சிரித்தது, அதனால் வைத்திருந்தோம். இப்போது எடுத்துவிட்டோம். எடுத்த பிறகு, அதைப் போடு என்று மேடைக்கு முன்னால் வந்து நிற்பது கமிட்டி ஆட்கள்தான். ரூபாய் நோட்டை ஜாக்கெட்டில் குத்துவதும் அப்படித்தான். பெண் கலைஞரிடம் கொஞ்சம் தயங்குகிற கை திருநங்கையிடம் தயங்குவதில்லை, சோதித்துப் பார்க்கிறது. அதற்கு அன்பளிப்பு என்று பெயர்.

ஊர் வழக்கம் என்று ஒரு வாதம் வரும். நல்லது, வழக்கத்தையே பேசுவோம். சிலப்பதிகாரம் கடலாடு காதையில் மாதவி ஆடும் பதினோராடலில் மாயோன் ஆடிய குடமும் இருக்கிறது, பெண் கோலத்தில் காமன் ஆடிய பேடும் இருக்கிறது. இரண்டும் வாணன் என்ற அசுரனின் நகரில் ஆடியவை. கரகாட்டத்துக்குப் பெருமை பேசும்போது குடக்கூத்தை எடுத்துச் சொல்கிறீர்கள், பக்கத்து வரியைத் தாண்டிவிடுகிறீர்கள். அரவான் களப்பலியில் மோகினி வரும்போது கன்னத்தில் போட்டுக்கொள்கிறீர்கள். வஸ்திராபரணத்தில் பாஞ்சாலி கட்டிய ஆணுக்குக் கற்பூரம் காட்டுகிறீர்கள். 1935-இல் திரையில் நந்தனாராக நடித்தவர் கே.பி. சுந்தராம்பாள், ஒரு பெண். 2019-இல் பத்மஸ்ரீ பெற்ற நர்த்தகி நடராஜ் திருநங்கை, கிட்டப்பா பிள்ளையிடம் பாடம் கேட்டவர். இவர்களில் யார் உங்கள் தாளின்படி 'ஒரிஜினல்'?

சட்டம் பற்றிச் சுருக்கமாக. 2014 ஏப்ரல் 15 அன்று உச்ச நீதிமன்றம் திருநர் உரிமை பற்றிய நால்சா வழக்கில் சொன்னது, தான் உணரும் பாலினத்தை உடை, சொல், செயல், நடத்தை வழியாக வெளிப்படுத்துவது அரசியலமைப்பின் 19(1)(அ) தரும் கருத்துரிமைக்குள் அடங்கும் என்று. 2019-ஆம் ஆண்டுத் திருநர் உரிமைச் சட்டத்தின் 3-ஆவது பிரிவு வேலையிலும் தொழிலிலும் பாகுபாட்டைத் தடுக்கிறது. ஆடல் பாடலுக்குக் கிடைக்கும் அனுமதியில் வரும் நிபந்தனைகள் ஆபாசம், இரட்டை அர்த்தப் பாட்டு, சாதி, கட்சி, நேரம் பற்றியவை. அவற்றை நாங்கள் கடைப்பிடிக்கிறோம். போலீஸ் விடாது என்று எங்களிடம் சொல்லாதீர்கள்.

எங்கள் கோரிக்கைகள் இவை. அச்சடித்த ஒப்பந்தத் தாள்களில் அந்த இரண்டு வரியையும் பேனாவால் அடித்து, தலைவரும் பொருளாளரும் பக்கத்தில் கையெழுத்திட்டு, எங்களுக்கு ஒரு நகல் கொடுங்கள். 'ஒரிஜினல் இல்லை' என்ற பெயரில் பிடித்து வைத்திருக்கும் சம்பள பாக்கியைச் சித்திரை முதல் தேதிக்குள் கொடுத்துவிடுங்கள். ஒரே ஆட்டத்துக்கு ஒரே சம்பளம். ஏழடித் தார்ப்பாயும் உள்பக்கம் பார்க்கும் விளக்கும் பந்தல்காரருக்குக் கொடுக்கும் ஆர்டரிலேயே எழுதப்பட வேண்டும், வந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்பது வேண்டாம். மேடைக்கு இருநூறு அடிக்குள் உள்தாழ்ப்பாளும் விளக்கும் தண்ணீரும் உள்ள ஒரு தனிக் கழிவறை, அதன் சாவி மாலை நாலு மணி முதல் செட்டுத் தலைவர் கையில். வேஷம் கட்ட மூன்று மணி நேரம், கலைக்க ஜெனரேட்டர் ஓடும் ஒரு மணி நேரம். நோட்டீஸில் நாங்கள் எழுதிக் கொடுக்கும் பெயர் மட்டும், '(எ)' இல்லாமல். அன்பளிப்பு தட்டில் விழட்டும், மைக்கில் பெயர் வாசிக்கிறோம். கொட்டகை வாசலில் கமிட்டி சார்பில் ஒருவர் நிற்க வேண்டும், அவர் குடிக்காதவராக இருக்க வேண்டும், அவர் போன் சட்டைப் பையிலேயே இருக்க வேண்டும்.

பதிலைத் தாம்பூலம் கொடுக்க வரும்போது கையில் கொண்டுவாருங்கள். அடித்துத் திருத்திய தாள் இல்லாமல் வந்தால் டீ கொடுத்து அனுப்புவோம், தேதி கொடுக்க மாட்டோம்.

இப்படிக்கு,
வேஷம் கட்டுவோர், உடை தைப்போர், செட்டு நடத்துவோர்